தகரக் கூரைக்குக் கேட்கும்படி

எங்கள் பல்கலைக்கழகத்தின் உள்ளரங்கை யாரும் உள்ளரங்கு என்று சொன்னதில்லை. சிங்களவர், தமிழர், முஸ்லிம்கள் எல்லோருக்கும் அது 'ஜிம்'தான். ஆளுக்கொரு பக்கமாக நாட்டை இழுத்துக்கொண்டிருந்த அந்த யுத்த காலத்தில், எல்லோரும் ஒரே பெயரால் அழைத்த இடம் அது ஒன்றாகத்தான் இருக்கும். உயரமான தகரக் கூரை, இரண்டு பக்கமும் படிப்படியாக எழும்பிய பார்வையாளர் இருக்கைகள், நடுவே பலகைத் தரை. அந்தத் தரையில் பட்மின்டனுக்கு வெள்ளைக் கோடு, கரப்பந்தாட்டத்துக்கு மஞ்சள் கோடு, கூடைப்பந்தாட்டத்துக்குச் சிவப்புக் கோடு என்று ஒன்றின்மேல் ஒன்றாகப் போட்டு வைத்திருந்தார்கள். புதிதாக வருகிறவர்களுக்கு எந்தக் கோட்டுக்குள் நிற்பது என்று தலை சுற்றும்.

விளையாட்டுக்கு என்று கட்டிய மண்டபம்தான். ஆனாலும் அதில் நடக்காத காரியம் இல்லை. பரீட்சைக் காலத்தில் வலைகளைக் கழற்றிவிட்டு மேசை கதிரைகளை இறக்குவார்கள். நான் எந்த மூலையில் நின்று சர்வீஸ் போடுவேனோ அதே மூலையில் குந்தியிருந்து புள்ளிவிபரவியல் பேப்பர் எழுதி, குறைந்த புள்ளியில் தப்பியிருக்கிறேன். சித்திரைப் புதுவருடத்துக்கு நடன ஒத்திகை நடக்கும். படையினருக்கு இரத்ததானம் என்று கட்டில்களை வரிசையாகப் போட்டுவைத்த நாட்களும் உண்டு. அப்படியான நாட்களில் நாங்கள் தமிழ் மாணவிகள் அந்தப் பக்கம் போவதா, போகாமல் விடுவதா, எது பிழையாகப் படும் என்று யோசித்தே களைத்துப் போவோம்.

நான் யாழ்ப்பாணத்திலிருந்து கடலேரியைப் படகில் கடந்து கொழும்புக்கு வந்து சேர்ந்தவள். அங்கே பள்ளிக்கூட முற்றத்தில், இரண்டு கமுகுகளுக்கு இடையில் வலை கட்டி பட்மின்டன் விளையாடியிருக்கிறேன். சோளகக் காற்று தொடங்கினால் ஷட்டில் பக்கத்து வளவுக்குப் போய்விடும். முதல்முறை ஜிம்முக்குள் நின்று ஒரு ஷட்டிலை உயர அடித்தபோது அது நான் நினைத்த இடத்தில் அப்படியே வந்து விழுந்தது. எனக்கு அழுகை வந்துவிட்டது. காற்று இல்லாத ஓரிடம், அடித்தால் அடித்த இடத்துக்குப் போகும் ஓரிடம் உலகத்தில் இருக்கிறது என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன். அடுத்த நாளே பயிற்சிக்கு வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். வெள்ளவத்தையில் நான் தங்கியிருந்த வீட்டு அன்ரியின் மகன் கனடாவுக்குப் போகும்போது விட்டுப்போன ரக்கெட் ஒன்று அலுமாரிக்கு மேலே தூசி பிடித்துக் கிடந்தது. அன்ரியைக் கெஞ்சி வாங்கிக்கொண்டேன்.

இரண்டாம் வருடத்தில் எனக்கு ஒரு ஜோடி கிடைத்தது. கொட்டாஞ்சேனையைச் சேர்ந்த கத்தோலிக்கத் தமிழ்ப் பெண். அப்பா துறைமுகத்தில் வேலை. எனக்கு ஒரு வருடம் மூத்தவர் என்பதால் நான் அவரை அக்கா என்றுதான் அழைப்பேன். நெடிய ஆள். வலைக்கு முன்னால் நின்றால் எதிர்ப்பக்கத்தில் பாதி மறைந்துவிடும். சிங்களம் பேசினால் தமிழ்ப்பெண் என்று யாரும் கண்டுபிடிக்க முடியாது. அவருடைய தமிழோ என் காதுக்குப் பாதி படத்துத் தமிழாகத் தெரிந்தது. என் தமிழைக் கேட்டு, வானொலியில் செய்தி வாசிக்கிற மாதிரி இருக்கிறதென்று அவர் சிரிப்பார்.

அந்த வருடம் பல்கலைக்கழகங்களுக்கிடையிலான போட்டிக்குப் பெண்கள் இரட்டையரில் இரண்டு ஜோடிகள் போக வேண்டும். முதல் ஜோடி முன்னமே உறுதியாகிவிட்டது. இரண்டாவது இடம் ஒன்று காலியாக இருந்தது. அந்த இடம் எனக்கு வேண்டும் என்பதைத் தவிர அந்த மாதங்களில் எனக்கு வேறு நினைப்பே இருக்கவில்லை. கொழும்புக்கு வந்த நாளிலிருந்து எல்லோரும் எனக்குச் சொன்னதெல்லாம் கண்ணில் படாதே, பின்னால் நில், வகுப்பு முடிந்ததும் நேரே வீட்டுக்கு வா என்பதுதான். எனக்கு முன்னால் நிற்க வேண்டும் போலிருந்தது. பல்கலைக்கழகத்தின் பெயர் முதுகில் எழுதிய அந்த மண்ணிற ஜேர்சியைப் போட்டுக்கொண்டு நிற்க வேண்டும் போலிருந்தது. அக்காவுக்கோ அது கடைசி வருடம். "இந்த வாட்டி விட்டா எனக்கு இல்ல டி" என்று அவர் ஒருநாள் சாதாரணமாகச் சொன்னார். சொல்லிவிட்டுத் திரும்பிக்கொண்டு ரக்கெட் பிடியை நெடுநேரம் துணியால் சுற்றிக்கொண்டிருந்தார்.

இரண்டு பேரும் தனித்தனியே நன்றாகத்தான் ஆடினோம். ஆனால் ஷட்டில் எங்களுக்கு நடுவில் வந்தால் தொலைந்தது. அக்கா எடுப்பார் என்று நான் நிற்பேன். நான் எடுப்பேன் என்று அவர் நிற்பார். ஷட்டில் மெதுவாக, எங்களுக்கு வெட்கம் வரும்படி, இருவருக்கும் நடுவில் வந்து விழும். சில நேரம் இரண்டு பேரும் ஒன்றாகப் பாய்ந்து ரக்கெட்டோடு ரக்கெட் மோதும். எங்களுக்கு ஆடத் தெரியாததல்ல விஷயம். நாங்கள் வாய் திறப்பதில்லை.

"நீ என்னாத்துக்கு டி பாத்துக்கிட்டே நின்ன?" என்று அக்கா கேட்பார். அதையும் காதுக்குள் குசுகுசுவென்றுதான் கேட்பார்.

"நீங்கள் எடுப்பியள் எண்டு நினைச்சன் அக்கா" என்று நானும் குசுகுசுப்பேன்.

எங்களைப் பயிற்றுவித்த சேர் நுகேகொடையிலிருந்து பழைய மோட்டார் சைக்கிளில் வருகிற சிங்களவர். தமிழில் வணக்கம் மட்டும் தெரியும். அவர் கோர்ட்டுக்கு வெளியே நின்று, "கேகஹன்ன! கேகஹன்ன!" என்று தொண்டை கிழியக் கத்துவார். கத்துங்கள், கூப்பிடுங்கள் என்று அர்த்தம். இரட்டையர் ஆட்டத்தில் ஒவ்வொரு ஷட்டிலுக்கும் ஒருவர் 'என்னுடையது' என்றோ 'விடு' என்றோ குரல் கொடுக்க வேண்டும். அது ஆட்டத்தின் அரிச்சுவடி. "இரண்டு பேரும் ஊமையா?" என்று ஒருநாள் அவர் சிங்களத்தில் கேட்டார். நாங்கள் இரண்டு பேரும் ஊமைகள் மாதிரியே தலையை ஆட்டினோம்.

ஊமைகளாக நாங்கள் பிறக்கவில்லை, பழகிக்கொண்டோம். வெள்ளவத்தையில் எங்கள் ஒழுங்கைக்குள் பார்த்தால் எல்லாம் தமிழ்தான். கேற்றுக்கு உள்ளே நின்று அன்ரி கூப்பிட்டால் கடற்கரைவரைக்கும் கேட்கும். அதே அன்ரி காலி வீதி என்ற பெரிய தெருவுக்கு ஏறும்போது வேறு மனுஷியாகிவிடுவார். "பிள்ளை, பஸ்ஸுக்குள்ள வாயைத் திறக்காதை. ஆரும் தெரிஞ்ச ஆக்கள் ஏறினாலும் சிரிச்சுப்போட்டு மற்றப் பக்கம் பார்" என்று முதல் நாளே சொல்லித்தந்தார். பொட்டைக் கேற்றடியில் அழித்துவிட்டுப் போகச் சொன்னார். ஒரே பஸ்ஸில் பக்கத்துப் பக்கத்தில் இருந்துகொண்டு ஒரு சொல்லும் பேசாமல், கண்ணாலும் புருவத்தாலும் வீட்டுக் கதை முழுவதையும் பேசி முடித்த தமிழர்களை நான் பார்த்திருக்கிறேன். நானும் அதில் கெட்டிக்காரி ஆகிவிட்டேன். இறங்கும் இடத்தை நடத்துநரிடம் சொல்லும்போது மட்டும் வாய் திறப்போம். அந்த ஒரு சொல்லையும் சிங்களவர் சொல்லுகிற மாதிரிச் சொல்லிப் பழகியிருந்தோம்.

அக்காவின் கதை இன்னும் பழையது. எண்பத்துமூன்று இனக்கலவரத்தின்போது அவர் சின்னப்பிள்ளை. அடுத்த வீட்டாரின் அறைக்குள் அம்மா அவரை மடியில் வைத்து வாயைக் கையால் பொத்திக்கொண்டு ஒரு பகல் முழுவதும் இருந்தாராம். "அதுக்கு அப்பறம் எங்க வீட்ல யாரும் சத்தமா கூப்பிட மாட்டாங்க டி. பாத்ரூம்ல டவல் வேணும்னாகூட கதவத் தட்டுவோம்" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

எனக்கு ஆத்திரம்தான் வந்தது. ஜிம்முக்குள் தமிழ் பேசாதே என்று எங்களிடம் யாருமே சொன்னதில்லை. சேர் சொல்லவில்லை, கூட விளையாடியவர்கள் சொல்லவில்லை, கதவில் எழுதி ஒட்டியிருக்கவும் இல்லை. காலி வீதியின் பயத்தை நாங்களேதான் பைக்குள் ரக்கெட்டோடு போட்டுக் கொண்டுவந்திருந்தோம். இதற்கு யாரைத் திட்டுவது என்றும் தெரியவில்லை. அதனால் ஷட்டிலைத் திட்டினேன், அதையும் மனதுக்குள்.

சரி, வேறு பாஷையில் கத்திப் பார்ப்போம் என்று தீர்மானித்தோம். முதலில் ஆங்கிலம். 'மைன்' என்று இரண்டு பேரும் ஒரே நேரத்தில் மெல்லிய குரலில் சொல்லி, உடனே இரண்டு பேரும் மரியாதையாக விலகி, ஷட்டிலுக்கு வழி விட்டோம். பிறகு சிங்களம். 'மகே' என்றால் என்னுடையது. அக்காவுக்கு அது சுலபமாக வந்தது. எனக்கு அது மூளைக்குப் போய், மொழிபெயர்ந்து, வாய்க்கு வருவதற்குள் ஷட்டில் தரையில் உருளும். காலால் தரையைத் தட்டி சைகை காட்டியும் பார்த்தோம். அடுத்த கோர்ட்டில் யாராவது குதித்தால் எங்கள் சைகை குழம்பிவிடும். சேர் நெற்றியில் அடித்துக்கொண்டார்.

அடுத்த மாத முதல் வாரத்தில் ஒரு முன்னோட்ட ஆட்டம் வைத்தார்கள். அந்த இரண்டாவது இடத்துக்கு எங்களோடு போட்டியிட்டவர்கள் விடுதியில் தங்கியிருந்த இரண்டு சிங்களப் பிள்ளைகள். ஒருத்தி குட்டை, மற்றவள் கண்ணாடி போட்டவள். நல்ல பிள்ளைகள். ஆனால் வாய் மூடாது. ஒவ்வொரு ஷட்டிலுக்கும் கத்துவார்கள், அடித்தபிறகும் கத்துவார்கள், ஆட்டம் முடிந்து தண்ணீர் குடிக்கும்போதும் கத்துவார்கள். எங்களை விட மெதுவாக ஓடி, எங்களை விட மோசமாக அடித்து, எங்களைத் தோற்கடித்தார்கள். முடிந்த பிறகு சேர் எங்களைக் கூப்பிட்டார். "அடியைப் பார்த்தால் நீங்கள்தான் போக வேண்டும். ஆனால் நீங்கள் ஒரு ஜோடி இல்லை. ஒரே கோர்ட்டில் தனித்தனியாக ஆடுகிற இரண்டு பேர். மாதக் கடைசியில் தெரிவு ஆட்டம் இருக்கிறது. அதிலும் இப்படியென்றால் நான் அவர்களைத்தான் அனுப்புவேன்" என்றார். அவர் சொன்னதில் பிழை இல்லை என்பதுதான் எனக்குத் தாங்கமுடியாமல் இருந்தது.

பிறகு மழை வந்தது. பின்னேரங்களில் இடி முழக்கத்தோடு ஊற்றுகிற அந்தப் பருவத்து மழை. பயிற்சி தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் தகரக் கூரையில் அது விழத் தொடங்கியது. அந்தக் கூரையில் மழை பெய்தால் பக்கத்தில் நிற்கிறவர் பேசுவதும் கேட்காது. சேர் விசில் ஊதினார். கன்னம் உப்பியது தெரிந்தது, சத்தம் வரவில்லை. அடுத்த கோர்ட்டுக்காரர்கள் சிரித்துக்கொண்டே ஆட்டத்தைத் தொடர்ந்தார்கள். நாங்களும் தொடர்ந்தோம்.

முதலில் கத்தியது நான்தான். நடுவில் ஒரு ஷட்டில் வந்தது. "என்ர!" என்று கத்திவிட்டு அடித்தேன். எனக்கே என் குரல் கேட்கவில்லை. அக்கா மட்டும் திரும்பிப் பார்த்தார். அடுத்ததற்கு அவர் கத்தினார். எனக்குச் சரியாகக் கேட்கவில்லை என்று கையைக் காட்டினேன். இன்னும் பலமாகக் கத்தினார். அவருக்கு அப்படியொரு குரல் இருப்பது அதுவரை எனக்குத் தெரியாது. அதற்குப் பிறகு நாங்கள் நிறுத்தவில்லை. நான் "விடுங்கோ அக்கா!" என்று கத்துவேன். அதைச் சொல்லி முடிப்பதற்குள் அவர் அடித்துவிடுவார். அவர் என் பக்கத்தில் வந்து காதுக்குள், "கோர்ட்டுக்கு உள்ள நா அக்கா இல்ல. விடுன்னு மட்டும் சொல்லு" என்று கத்தினார். மூத்தவரை 'விடு' என்று சொல்ல எனக்கு நா கூசியது. இரண்டு தரம் கூசியது. மூன்றாம் தரம் பழகிவிட்டது.

அந்த மழைக்குள் நாங்கள் ஆடிய ஆட்டத்தை இன்றைக்கும் உடம்பு ஞாபகம் வைத்திருக்கிறது. எங்கே நிற்பது, எப்போது விடுவது என்ற சந்தேகமே வரவில்லை. எதிரே ஆடிய விடுதிப் பிள்ளைகள் இருவரும் மூச்சு வாங்கினார்கள். நான் சந்தோஷமாக இருந்தேன். கொழும்புக்கு வந்து நான் முழுதாகச் சந்தோஷப்பட்ட முதல் பின்னேரம் அதுதான்.

கொழும்பு மழை நிற்கும்போது பைப்பைப் பூட்டியது போல் நிற்கும். ஒரு ஷட்டில் பின்கோட்டை நோக்கி உயரமாகப் போய்க்கொண்டிருந்தது. அது வெளியே விழும் என்று எனக்குத் தெரிந்தது. நான் அடிவயிற்றிலிருந்து "விடு!" என்று கத்தினேன். அந்தச் சொல்லுக்கும் அதற்கு முந்திய மூச்சுக்கும் இடையில் மழை நின்றுவிட்டிருந்தது. அந்த ஒற்றைத் தமிழ்ச் சொல் ஜிம் முழுக்கப் போய், கூரையில் பட்டுத் திரும்பியும் வந்தது. மேசைப்பந்து ஆடிக்கொண்டிருந்தவர்கள் நின்றார்கள். படியில் பாதணி கட்டிக்கொண்டிருந்தவர் தலையை நிமிர்த்தினார். எனக்குக் காது இரண்டும் சூடாகிவிட்டன. அக்காவின் முகத்தில் இரத்தமே இல்லை.

சேர் கோர்ட்டுக்குள் நடந்து வந்தார். ஏதோ நடக்கப் போகிறது என்று பயந்தேன். "இதுதான்" என்றார் சிங்களத்தில். "இதைத்தானே நான் இவ்வளவு நாளாகக் கேட்டேன்? எந்த பாஷையில் என்று நான் எப்போதாவது சொன்னேனா?" கேட்டுவிட்டு, அடுத்த சர்வீஸைப் போடச் சொன்னார். நான் போட்டேன். ஆனால் அன்றைக்கு மீதி ஆட்டம் முழுவதும் எங்கள் இரண்டு பேருக்கும் வாய் திறக்கவில்லை.

"மழை வந்தா சரி. மழை வராட்டி?" என்று வெளியே வந்ததும் அக்கா கேட்டார். தெரிவு ஆட்டத்தன்று மழை வரவேண்டும் என்று கொச்சிக்கடை அந்தோனியாருக்கு நேர்ந்துவிடலாமா என்று அவர் பாதி விளையாட்டாகவும் பாதி உண்மையாகவும் கேட்டார். எனக்குக் கோபம் வந்துவிட்டது. வானம் தயவு வைத்தால்தான் நான் வாய் திறக்க வேண்டுமா என்று கேட்டேன். அந்தக் கோபம் நல்ல கோபம். அடுத்த பௌர்ணமிப் போயா விடுமுறைக்கு அவரை வெள்ளவத்தைக்கு வரச் சொன்னேன். தண்டவாளத்தைத் தாண்டிக் கடற்கரைப் பாறைகளில் நின்று இரண்டு பேரும் கடலைப் பார்த்துக் கத்திப் பழகினோம். முதலில் ரயில் போகும்போது மட்டும் கத்தினோம். பிறகு ரயில் இல்லாமலும் கத்தினோம். காற்று வாங்க வந்த ஓர் ஐயா எங்களை உற்றுப் பார்த்துவிட்டு, மெல்லத் தள்ளிப்போய் இருந்தார். சாயந்தரம் கதை அன்ரியின் காதுக்குப் போய்விட்டது. "உனக்கென்ன விசரே பிள்ளை?" என்று தொடங்கி நெடுநேரம் பேசினார்.

தெரிவு ஆட்டம் நடக்கவிருந்த வாரத்தில் நகரத்தில் குண்டு வெடித்தது. அந்த வருடங்களில் அப்படியான வாரங்கள் எத்தனையோ. செத்தவர்களுக்காக நெஞ்சு பதைத்து முடிவதற்குள், இனி எங்களுக்கு என்ன நடக்கும் என்ற பயம் வந்துவிடும். அந்த வரிசைக்காகவே எனக்கு வெட்கமாக இருக்கும். அடுத்த நாள் விடிய எங்கள் ஒழுங்கையில் வீடு வீடாகச் சோதனை நடந்தது. அடையாள அட்டையையும் பொலிஸ் பதிவையும் காட்டிக்கொண்டு வாசலில் நின்றோம். பக்கத்து லொட்ஜில் தங்கியிருந்த பெடியன்கள் சிலரை ஏற்றிக்கொண்டு போனார்கள். தெரிவு ஆட்டம் ஒத்திவைக்கப்படும் என்று நினைத்தேன். ஆட்டம் நடக்கும் என்று சேர் ஆள் மூலம் சொல்லியனுப்பினார்.

ஆட்டத்தன்று காலை பையைத் தூக்கிக்கொண்டு வந்தபோது அன்ரி கேற்றை மறித்துக்கொண்டு நின்றார்.

"இந்த நேரத்தில உனக்கு விளையாட்டுக் கேக்குதோ? உன்ர அம்மாவுக்கு நான் என்ன பதில் சொல்லுறது?"

"அன்ரி, நான் போகத்தான் வேணும்."

"அப்ப போ. போற வழியில எண்டாலும் அங்க எண்டாலும் வாயை மட்டும் திறந்துபோடாதை."

"அதைத் திறக்கத்தான் அன்ரி போறன்" என்றேன். அன்ரிக்கு ஒன்றும் விளங்கவில்லை. ஆனால் என் முகத்தைப் பார்த்துவிட்டுக் கேற்றை விட்டு விலகினார். அந்த மனுஷியின் கண் கலங்கியிருந்தது. என் பிடிவாதத்துக்காக நான் வருத்தப்படவில்லை. அவருடைய பயத்துக்காக வருத்தப்பட்டேன்.

வழியில் சோதனைச் சாவடியில் ஆமிக்காரர் ஒருவர் பையைத் திறந்து ரக்கெட்டை எடுத்து, நரம்புகளை விரலால் தட்டிப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தார். நான் தலையை மட்டும் ஆட்டினேன். அதற்கு மேல் அங்கே வீரம் காட்டுகிற ஆள் நான் இல்லை. ஜிம்முக்குப் போனபோது வானம் நீலமாக, ஒரு மேகமும் இல்லாமல் இருந்தது. அக்கா கொட்டாஞ்சேனையிலிருந்து இரண்டு இடத்தில் இறக்கி ஏற்றப்பட்டு வந்து சேர்ந்திருந்தார். "அந்தோனியார் கை விட்டுட்டார் டி" என்று வானத்தைக் காட்டினார்.

பார்வையாளர் படிகளில் வழக்கத்தைவிடக் கூட்டம். வகுப்புகள் நடக்காததால் பொழுதுபோக்க வந்தவர்கள். ஆனால் சத்தம் இல்லை. அந்த வாரத்தில் யாருக்குமே சத்தம் போட மனம் இல்லை. அந்த அமைதியில் ஷட்டில் ரக்கெட்டில் படுவது கூடப் பெரிதாகக் கேட்டது. இந்தக் கூட்டத்துக்கு நடுவே, இந்த வாரத்தில், தமிழில் கத்துவதா? முதல் செட் முழுவதும் நாங்கள் பழைய ஊமைகளாகவே ஆடினோம். தோற்றோம். விடுதிப் பிள்ளைகள் இருவரும் வழக்கம் போலக் கலகலவென்று கத்திக்கொண்டிருந்தார்கள். அவர்கள் வாயை அவர்கள் பாட்டுக்குத் திறக்கிறார்கள், அவ்வளவுதான். அதைப் பார்க்கப் பார்க்க எனக்குள் பொறாமை பற்றி எரிந்தது.

இரண்டாவது செட்டின் தொடக்கத்தில் மறுபடியும் ஒரு ஷட்டில் எங்களுக்கு நடுவில் வந்து விழுந்தது. நான் குனிந்து அதை எடுத்தேன். அக்காவைப் பார்த்தேன். அவர் ரக்கெட் பிடியின் துணியை இறுக்கிச் சுற்றிக்கொண்டிருந்தார். இந்த வருடம் போனால் இவருக்கு வேறு வருடம் இல்லை என்று நினைத்தேன். அடுத்த ஷட்டில் வந்தது. "என்ர!" என்று கத்தினேன். கூரைக்குக் கேட்கும்படி கத்தினேன். அடித்த அடி எதிர்ப்பக்கத்துத் தரையில் போய்ப் பதிந்தது.

ஜிம் முழுவதும் எங்களைப் பார்த்தது. நடுவராக இருந்த மாணவர் புள்ளியைச் சொல்ல ஒரு கணம் மறந்து, பிறகு சொன்னார். அடுத்த ஷட்டிலுக்கு அக்கா கத்தினார். கடலுக்குக் கத்திய அதே குரல். அதன் பிறகு ஒன்றையும் நாங்கள் சும்மா விடவில்லை. அந்த செட் எங்களுக்கு வந்தது.

மூன்றாவது செட்டில் படிகளின் உச்சியில் இருந்த சில பெடியன்கள் தொடங்கினார்கள். எங்கள் சொற்களைக் கொன்னைத் தமிழில் திருப்பிச் சொல்லி நளினம் பண்ணினார்கள். சிரிப்பு எழுந்தது. அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. ஒரு ஷட்டில் அக்காவை நோக்கி வந்துகொண்டிருந்தபோது மேலேயிருந்து ஒருவன் "விடு!" என்று கத்தினான். அக்கா ரக்கெட்டை இழுத்துக்கொண்டார். ஷட்டில் கோட்டுக்கு நன்றாக உள்ளே விழுந்தது. புள்ளி போய்விட்டது. எதிர்ப்பக்கத்துக் கண்ணாடிப் பிள்ளை திரும்பி நின்று அவர்களைச் சிங்களத்தில் ஏசினாள். சேர் படிகளில் பாதி தூரம் ஏறிப்போய்க் கையை நீட்டி ஏதோ சொன்னார். கொஞ்ச நேரம் அடங்கினார்கள். அடங்காமல் மறுபடி முணுமுணுத்தார்கள். போன புள்ளி திரும்பி வரவில்லை.

அந்த இடத்தில் நாங்கள் வாயை மூடியிருக்கலாம். மூடுவதுதான் எங்களுக்குத் தெரிந்த வழி. அக்கா என் பக்கத்தில் வந்தார். கண் சிவந்திருந்தது. "என் கொரல மட்டும் கேளு. அவனுங்க கத்தட்டும். நாம அதவிட ஜாஸ்தியா கத்துவோம்" என்றார். இந்த முறை அதைக் காதுக்குள் சொல்லவில்லை. கோர்ட் நடுவில் நின்று, முழுக் குரலில், எல்லோருக்கும் கேட்கச் சொன்னார்.

கடைசிப் புள்ளிவரை இழுபட்டது. எதிர்ப்பக்கத்துக் குட்டைப் பிள்ளை ஓங்கி ஒன்றை அடித்தாள். அது என் தோளுக்கு மேலாக வந்தது. கை தானாக எழும்பிவிட்டது, ரக்கெட் பாதி தூரம் போய்விட்டது. "விடு!" என்றார் அக்கா. மேலேயிருந்தும் அதே நேரத்தில் அதே சொல் வந்தது. எனக்கு ஒரு குரல் மட்டும்தான் கேட்டது. கையை விழுத்தினேன். ஷட்டில் என் காதோரமாகப் போய்ப் பின்கோட்டுக்கு வெளியே, ஒரு விரல் அகலம் தள்ளி விழுந்தது. கோட்டு நடுவர் இரண்டு கைகளையும் அகல விரித்தார்.

குட்டைப் பிள்ளை வலைக்குக் கீழால் கையை நீட்டி எங்கள் கைகளைக் குலுக்கினாள். சேர் அக்காவிடமும் என்னிடமும் ஜேர்சியின் அளவு கேட்டார். நான் அழுதேன். அக்கா அழவில்லை. பாதணியைக் கழற்றி வைத்துவிட்டுக் கோர்ட்டின் நடுவில் சும்மா கொஞ்ச நேரம் குந்தியிருந்தார்.

வெளியே வந்து காலி வீதிவரை இரண்டு பேரும் ஒன்றாக நடந்தோம். அக்காவுக்குக் கோட்டைப் பக்கம் போகிற பஸ், எனக்கு வெள்ளவத்தைப் பக்கம். வீதியைக் கடந்து நான் என் தரிப்பிடத்தில் நின்றேன், அவர் எதிர்ப்பக்கத்தில் நின்றார். எனக்குப் பத்தடி தள்ளி மண்மூட்டைகள், அவற்றுக்குப் பின்னால் துவக்கோடு ஓர் ஆமிக்காரர். தரிப்பிடத்தில் எல்லோரும் அவரவர் பாட்டில் நின்றார்கள். நானும் வாயை மூடிக்கொண்டு, கண்ணால் அக்காவிடம் விடை சொல்லிக்கொண்டிருந்தேன்.

அவர் இரண்டு கையையும் வாயருகே குவித்தார்.

"நாளைக்கு பிராக்டிசுக்கு வருவியா டி?"

இத்தனை வாகனங்களையும் தாண்டி அது இந்தப் பக்கத்துக்கு வந்தது. தரிப்பிடத்தில் நின்ற எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். பிறகு, அவர் யாரைக் கேட்கிறார் என்று என்னைப் பார்த்தார்கள். மண்மூட்டைக்குப் பின்னாலிருந்த ஆமிக்காரரும் தலையைத் திருப்பினார். நான் தலையை ஆட்டினேன். ஒரு லொறி இடையில் போனது. அக்கா காதில் கை வைத்து, தெரியவில்லை, கேட்கவில்லை என்று காட்டினார்.

நான் மூச்சை இழுத்தேன்.

"ஓம்!" என்று கத்தினேன். "ஓம் அக்கா, வருவன்!"